மனுதாரர் தரப்பு இரண்டாம் சாட்சி

சம்மன் வந்தபோது வக்கீல் கீர்த்திவாசன் தன்னுடைய புத்தகத்துக்குக் கடைசிப் புரூஃப் பார்த்துக்கொண்டிருந்தார். கோர்ட் அமீனா செருப்பை வாசலில் விட்டுவிட்டு உள்ளே வந்து, உட்காரச் சொல்லியும் உட்காராமல் நின்றார். யாரோ கட்சிக்காரருக்குப் போக வேண்டியதை இங்கே கொடுத்துவிட்டுப் போக வந்திருக்கிறார் என்று நினைத்துக் குமாஸ்தா மரியஅந்தோணி கையை நீட்டினார். அமீனா கொடுக்கவில்லை. இது ஐயா பேருக்கே வந்திருக்கிறது, ஐயாதான் கையெழுத்துப் போட வேண்டும் என்று மேசை விளிம்பைப் பார்த்துச் சொன்னார். குன்னூரிலும் ஊட்டியிலும் நாற்பது வருஷமாக அடுத்தவர்களுக்குச் சம்மன் அனுப்பியே பிழைத்த மனிதர், தன் பெயருக்கு ஒன்று வந்து பார்த்ததில்லை. கண்ணாடியை மாற்றிப் போட்டுக்கொண்டு முதல் எழுத்திலிருந்து முத்திரை வரைக்கும் படித்தார். படிக்காமல் எதிலும் கையெழுத்துப் போட மாட்டார் என்பது மலையில் எல்லோருக்கும் தெரிந்த பிடிவாதம். அமீனாவுக்குக் கால் வலித்திருக்கும்.

தேவி என்கிற பெண் தன் கணவன் மகேஷிடமிருந்து விவாகரத்துக் கேட்டு ஊட்டியில் போட்டிருந்த வழக்கு அது. ‘இல்லறநெறி’ மாத இதழின் ஆசிரியரும் வெளியீட்டாளருமான கீர்த்திவாசன், மனுதாரர் தரப்பு இரண்டாம் சாட்சியாக வந்து சாட்சியம் சொல்ல வேண்டும். அதாவது, தேவியின் தரப்பில். கூப்பிட்டிருந்த வக்கீல் உமாராணி. ஏழெட்டு வருஷம் இதே அறையில், இப்போது மரியஅந்தோணி ஃபைல்களை அடுக்கி வைத்திருக்கும் மூலை மேசையில், அவருக்கு ஜூனியராக இருந்தவர். கீர்த்திவாசன் கையெழுத்துப் போட்டுத் தாளைத் திருப்பிக் கொடுத்தார். பிறகு புரூஃபைக் கையில் எடுத்தார். அன்று அதற்கு மேல் ஒரு பக்கமும் நகரவில்லை.

அவரைப் பற்றி ஊரில் இரண்டு விதமாகப் பேசுவார்கள். யோக்கியர் என்பார்கள், பழைய பஞ்சாங்கம் என்பார்கள். இரண்டையும் ஒரே ஆள் ஒரே மூச்சில் சொல்வதும் உண்டு. அவருடைய அப்பா கும்பகோணத்திலிருந்து அரவங்காடு வெடிமருந்துத் தொழிற்சாலைக்குக் கிளார்க்காக மலையேறி வந்தவர். மகன் குவார்ட்டர்ஸில் பிறந்து, கோயம்புத்தூரில் சட்டம் படித்து, குன்னூரில் போர்டு மாட்டினார். கும்பகோணத்துப் பேச்சு ஒரே தலைமுறையில் உதிர்ந்துபோய், வாயைத் திறந்தால் ‘ஏனுங்க’ என்றுதான் ஆரம்பிப்பார். பாகப்பிரிவினையும் பாதைத் தகராறும் சிறு தேயிலைக்காரர்களின் எல்லை வழக்கும் சோறு போட்டன. பொய்ச்சாட்சி தயார் பண்ணிக்கொண்டு வந்த ஒரு எஸ்டேட் முதலாளியை ஃபைலோடு சேர்த்து வெளியே அனுப்பியவர். கட்சிக்காரர்களின் பிரமாண வாக்குமூலத்தை அவர்களுக்கே வரிவரியாகப் படித்துக் காட்டுவார். இது நீங்கள் சொன்னதுதானா என்று கேட்பார். ஆமாம் என்று வாய்விட்டுச் சொன்ன பிறகுதான் கையெழுத்து வாங்குவார். தலையை மட்டும் ஆட்டினால் செல்லாது.

விவாகரத்து வழக்குகள் ஏற்கப்பட மாட்டா என்று போர்டிலேயே எழுதியிருந்தது. சட்டம் இடம் கொடுக்கலாம், தர்மம் கொடுக்கவில்லை என்பது அவர் கட்சி. பெண்கள் ராத்திரி ஷிஃப்ட்டுக்குப் போவது, பையனும் பெண்ணும் தாங்களே பார்த்துக் கட்டிக்கொள்வது, மணப்பெண் ஆடிக்கொண்டே மேடைக்கு வருவது, எதுவும் அவருக்கு ஒப்பாது. ஒப்பாததையெல்லாம் எழுதித் தீர்ப்பதற்காகத்தான் ‘இல்லறநெறி’யை ஆரம்பித்தார். பிறகு அதே பெயரில் பதிப்பகமும் வைத்தார். சந்தாதாரர்களில் பாதிப் பேர் சந்தா கட்டியதையே மறந்தவர்கள்; மீதிப் பேர் அவருக்குப் பக்தர்கள். ஆனால் ஒரு பகுதியை மட்டும் எல்லோரும் படித்தார்கள். அவரைத் திட்டுகிறவர்கள்கூடப் பல் டாக்டர் வீட்டில் காத்திருக்கும்போது எடுத்து முதலில் அந்தப் பக்கத்தைத்தான் புரட்டினார்கள். அதன் பெயர் ‘மீண்டும் கூடினோம்’.

விவாகரத்து எடுக்காத வக்கீலிடம்தான் பெரியவர்கள் பிரிந்த ஜோடிகளை முதலில் அனுப்பினார்கள். அவர் இரண்டு பேரையும் தனித்தனியாக, கதவைச் சாத்திக்கொண்டு கேட்பார். பிறகு மரியஅந்தோணியை ஸ்டேஷனுக்கு அனுப்பி, மலை ரயிலில் முன்பதிவில்லாத பெட்டிக்கு இரண்டு டிக்கெட் வாங்கி வரச் சொல்வார். புருஷனும் பெண்டாட்டியும் ஊட்டி வரைக்கும் போய் அடுத்த வண்டியில் திரும்ப வேண்டும். கூட யாரும் போகக் கூடாது. சீசனில் அந்தப் பெட்டியில் மூச்சுவிட இடமிருக்காது. டூரிஸ்ட் பையும், யாரோ பெற்ற குழந்தையும் மடியில் வந்து உட்காரும். ஒட்டி உட்காராமல் இருக்கவே முடியாது, வக்கீல் போட்ட கணக்கே அதுதான். வெலிங்டன் வரைக்கும் ஆளுக்கொரு பக்கம் பார்த்துக்கொண்டு போவார்கள், கேத்தி தாண்டுவதற்குள் ஒரு வார்த்தையாவது பேசிவிடுவார்கள் என்பார். ‘தள்ளி உக்காரு’ என்பதும் வார்த்தைதானே. திரும்பி வந்து இறங்கும்போது மரியஅந்தோணி பிளாட்பாரத்தில் நின்று ஃபோட்டோ எடுப்பார். சிரிப்பதற்கு இதில் நிறைய இருக்கிறது. ஆனால் பல ஜோடிகள் அதற்குப் பிறகு உண்மையிலேயே சேர்ந்து வாழ்ந்தார்கள், அதையும் சொல்லத்தான் வேண்டும்.

அடுத்த மாத இதழில் ஃபோட்டோவோடு கதை வரும். மனைவி சொல்வதுபோல, ‘நான்’ என்று தொடங்கும். நான் அவசரப்பட்டேன், நான் என் மாமியாரைத் தாயாக நினைக்கவில்லை, நான் ரயிலில் அவர் முகத்தைப் பார்த்தபோது, இப்படி. அத்தனையும் எழுதியது கீர்த்திவாசன். ஆபீஸில் எல்லோருக்கும் தெரியும். யாரும் அதை மறைக்க வேண்டிய விஷயமாகவும் நினைக்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை காபி குடித்துவிட்டு உட்கார்ந்தால் மத்தியானச் சாப்பாட்டுக்குள் ஒரு பெண்ணாக இருந்து எழுதி முடித்துவிடுவார். பெண்கள் பேசினால் கோவையாக வராது, அவர்கள் மனசில் இருப்பதைத்தானே நாம் ஒழுங்குபடுத்திக் கொடுக்கிறோம் என்பது அவர் நினைப்பு. நீலகிரியில் அவர் அளவுக்குப் பெண்ணாக எழுதிய பெண் கிடையாது. எங்கே கண் கலங்க வேண்டும், எங்கே குழந்தை ‘அப்பா’ என்று கூப்பிட வேண்டும் எல்லாம் அத்துப்படி. பிரமாண வாக்குமூலத்தை வரிவரியாகப் படித்துக் காட்டுகிற மனிதர், இதை மட்டும் யாருக்கும் படித்துக் காட்டியதில்லை. அச்சான பிறகு இரண்டு பிரதிகளும் ஒரு குங்குமச் சிமிழும் தபாலில் போகும். ஒருத்தியும் மறுத்துச் சொன்னதில்லை. அதை அவர் சம்மதம் என்று எடுத்துக்கொண்டார்.

தேவி குன்னூர் மவுண்ட் ரோட்டில் ஒரு ஜவுளிக்கடையில் பில் போடுகிறவள். மகேஷ் கட்டபெட்டுப் பக்கம் ஒரு தேயிலை ஃபேக்டரியில் சூப்பர்வைசர். மூன்று வருஷத்துக்கு முன் அவளுடைய அப்பா அவளை அழைத்து வந்தபோது இடது காதில் பஞ்சு வைத்திருந்தாள். கடையில் ஸ்டாக் எடுத்த அன்று வீடு திரும்ப நேரமானது என்று மகேஷ் அறைந்தானாம். அதிலிருந்து அந்தக் காதில் தகரக் கூரையில் மழை பெய்கிற இரைச்சல், வேறொன்றும் கேட்கவில்லை என்றாள். கிளினிக்கில் குழாயடியில் வழுக்கி விழுந்ததாகச் சொல்லியிருந்தாள், மகேஷ் பக்கத்திலேயே நின்றுகொண்டிருந்தான். கீர்த்திவாசன் மகேஷைத் தனியாகக் கூப்பிட்டுக் கேட்டார். அவன் மறுக்கவில்லை. தலையைக் குனிந்துகொண்டு அழுதான். ஆண் அழுதால் நம்பிவிடுவது அவருடைய பலவீனம். டிக்கெட் வாங்கி வரச் சொன்னார்.

கதை எழுத உட்கார்ந்தபோது அந்தக் காது இடறியது. அடித்தான் என்று அச்சில் வந்தால் அவனால் ஊரில் தலைகாட்ட முடியாது, வெளியே மானம் போனவன் வீட்டுக்குள் வந்துதான் அதைத் தீர்த்துக்கொள்வான் என்று யோசித்தார். யோசனையில் தப்பில்லை. ஆகவே இப்படி எழுதினார்: ‘குழாயடியில் நான் வழுக்கி விழுந்ததை, கோபத்தில், அவர் அடித்ததாகப் பிறந்த வீட்டில் சொல்லிவிட்டேன். அவர் என்மீது ஒருநாளும் கை வைத்தவரில்லை.’ எழுதி முடித்துப் படித்துப் பார்த்தபோது அவருக்குத் திருப்தியாகவே இருந்தது. ஒரு குடும்பத்தின் மேலிருந்த கறையைத் துடைத்துவிட்டதாக நினைத்தார்.

குடும்பம் ஒரு வருஷம்கூட நிற்கவில்லை. மகேஷ் மறுபடியும் அடித்தான், தடம் தெரியாமல் அடிக்கக் கற்றுக்கொண்டிருந்தான். நான் கை வைத்ததே இல்லை என்று நீயே புத்தகத்தில் சொல்லியிருக்கிறாய், இனி எங்கே போய்ச் சொல்லுவாய் என்று கேட்டுக் கேட்டு அடித்தானாம். தேவி வெளியே வந்து, தனியாக ஒரு அறை பார்த்துக்கொண்டு, உமாராணி மூலம் வழக்குப் போட்டாள். அவன் அவளைத் திரும்பச் சேர்த்துவைக்கச் சொல்லி எதிர்மனு போட்டான். கூடவே ‘இல்லறநெறி’ இதழையும் ஆவணமாகத் தாக்கல் செய்தான். தேவியைக் குறுக்கு விசாரணை செய்தபோது அவன் வக்கீல் மூன்றே கேள்விதான் கேட்டார். இது உன் ஃபோட்டோவா, இது உன் பெயரா, இதழ் வந்த பிறகு மறுத்து ஒரு வரியாவது எழுதினாயா. ஆமாம், ஆமாம், இல்லை என்று அவள் சொன்னதோடு வழக்கு படுத்துவிட்டது. வழக்குத் தோற்றால் மகேஷின் மனு ஜெயிக்கும். அவள் அந்த வீட்டுக்கே திரும்பிப் போக வேண்டியதுதான்.

இனி உமாராணியிடம் மிச்சமிருந்தது கீர்த்திவாசன் மட்டும். கிழவர் கூண்டில் ஏறி, அந்தப் பெண் சொன்னதைத்தான் எழுதினேன் என்று ஒரு வார்த்தை சொன்னால் எல்லாம் முடிந்தது. எந்த வக்கீலும் இப்படி ஒரு சாட்சியை, அதுவும் எதிர்க்கொள்கைக்காரரை, தன் பக்கத்தில் கூப்பிட மாட்டார். ஆனால் உமாராணிக்கு அந்த மூலை மேசை வருஷங்களில் தெரிந்துகொண்ட ஒரு விஷயம் உண்டு. அவர் சத்தியம் செய்துவிட்டுப் பொய் சொல்ல மாட்டார். அதை நம்பித்தான் சம்மனே அனுப்பினார்.

கீர்த்திவாசனுக்கும் அது புரிந்தது. புரிந்ததால்தான் கோபம் வந்தது. அவர் மேசையில் இருந்த புரூஃப், ‘மீண்டும் கூடினோம்’ பகுதியிலிருந்து தேர்ந்தெடுத்த நூறு கதைகள். ‘அவரவர் சொற்களில்’ என்று அட்டையில் போட்டிருந்தது. தை பிறந்ததும் வெளியீட்டு விழா. ஓய்வுபெற்ற நீதிபதி ஒருவர் வர ஒப்புக்கொண்டிருந்தார். தன் வாழ்க்கையில் செய்ததெல்லாம் அந்த ஒரு புத்தகத்துக்குள் இருப்பதாக அவர் நம்பினார். தேவியின் கதையை மட்டும், வழக்குப் போட்டாள் என்று கேள்விப்பட்டதுமே, சத்தமில்லாமல் எடுத்துவிட்டு வேறொன்றைச் சேர்த்திருந்தார். வக்கீலிடம் சொன்னது ரகசியம், வெளியே சொல்லச் சட்டம் அனுமதிக்காது என்று தப்பிக்க முடியுமா என இரண்டு நாள் புத்தகங்களைப் புரட்டினார். முடியாது. அந்த ரகசியம் கட்சிக்காரருக்குச் சொந்தம். கட்சிக்காரரே வந்து சொல்லுங்கள் என்று கூப்பிடும்போது வக்கீல் வாயை மூடிக்கொள்ள வழியில்லை. இதை அவரே எத்தனையோ ஜூனியர்களுக்குச் சொல்லிக்கொடுத்திருக்கிறார்.

விசாரணைக்கு முதல் நாள் காலையில் சமையலறை வாசலில் நாற்காலியைப் போட்டுக்கொண்டு மனைவி ராஜியிடம் விஷயத்தைச் சொன்னார். யோசனை கேட்கிற வழக்கம் அவருக்கு இல்லை. சொல்லிவைத்தால் மனசு இறங்கும் என்று சொன்னார். நல்லதுக்காகத்தானே எழுதினேன், யாராவது ஒருத்தி அப்படியில்லை என்று சொன்னாளா என்று கேட்டார். ராஜி பட்டாணி உரித்துக்கொண்டிருந்தாள். அவள் ‘இல்லறநெறி’ படிப்பவள் இல்லை. ஆனால் இதழின் வெள்ளிவிழா மலரில் ‘என் கணவர்’ என்று அவள் பெயரிலும் ஒரு கட்டுரை வந்திருந்தது. அதை மட்டும் எவளோ அக்கம்பக்கத்துக்காரி கொண்டுவந்து காட்டிப் படிக்க நேர்ந்துவிட்டது.

“அதுல, உங்களுக்கு முன்னாடி நான் சுமங்கலியாப் போய்ச் சேரணும்னு ஆசைப்படறதா எழுதியிருந்தீங்க” என்றாள். “எனக்கு அப்படி ஒரு ஆசை இல்லீங்க. உங்களுக்கப்புறம் கொஞ்ச நாளு தனியா இருந்து பாக்கணும்னுதான் இருக்குது.”

கோபமாகச் சொல்லவில்லை. கடைக்குப் போகும்போது தீப்பெட்டி வாங்கி வாருங்கள் என்று சொல்கிற குரல். கீர்த்திவாசன் அவளை நிமிர்ந்து பார்த்தார், அவள் அடுத்த காயை எடுத்து நகத்தால் கீறினாள். நாற்பது வருஷத்தில் தனக்குப் பின்னால் ஒரு வீடு இருக்கும், அதில் இவள் ஜன்னலைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள் என்று அவருக்குத் தோன்றியதே இல்லை. வலித்தது. ஏன் அப்போதே சொல்லவில்லை என்று கேட்க வாயெடுத்து, கேட்காமல் குளிக்கப் போய்விட்டார்.

மறுநாள் காலை பஸ்ஸில் மரியஅந்தோணியோடு ஊட்டிக்குப் போனார். மழையில்லை, மேகம்தான் ரோட்டில் கிடந்தது. டிரைவர் விளக்கைப் போட்டுக்கொண்டே ஓட்டினார். பொய் சொல்வதில்லை என்று தீர்மானித்திருந்தார். ஆனால் கூண்டில் ஏறாமலே காரியத்தை முடித்துவிட முடிந்தால் நல்லது என்று ஒரு நப்பாசை, அரவங்காடு தாண்டும்போதே பேச்சாக உருண்டு திரண்டுவிட்டது. தேவியிடம் நேரில் பேசுவது. வழக்கை வாபஸ் வாங்கட்டும். மகேஷைத் தன் முன்னால் நிறுத்தி எழுதி வாங்கிக்கொள்ளலாம், தானே ஜவாப்தாரியாக நிற்கலாம், இன்னும் ஒரே ஒரு தடவை இரண்டு பேரும் ரயிலில் போய் வரட்டும். அவரைக் கெட்ட மனிதர் என்று சொல்ல முடியாது. தாலி அறுபடுவதைத் தடுக்கக் கடைசி நிமிஷம் வரைக்கும் முயல வேண்டும் என்று மனசார நம்பினார்.

கோர்ட் வராந்தாவில் ஒரு பெஞ்சின் வலது ஓரத்தில் தேவி தனியாக உட்கார்ந்திருந்தாள். முன்பைவிட மெலிந்திருந்தாள், ஆனால் முதுகு நிமிர்ந்திருந்தது. உமாராணி வேறொரு அறையில் ஏதோ வாய்தாவுக்கு நின்றுகொண்டிருந்தார். பெஞ்சின் காலியாயிருந்த இடத்தில், அவளுக்கு இடது பக்கமாக, கீர்த்திவாசன் உட்கார்ந்து பேசத் தொடங்கினார். வராந்தாவில் நாலு பேர் காதில் விழக் கூடாது என்று குரலைத் தாழ்த்திக்கொண்டார். தான் பார்த்த குடும்பங்களைச் சொன்னார். பிரிந்து போனவர்கள் பிறகு பட்ட பாட்டைச் சொன்னார். அடித்தவன் கை ஓய்ந்து, அவனே கஞ்சி வைத்துக் கொடுத்த கதை ஒன்றைச் சொன்னார். கோர்ட் கொடுக்கிற காகிதம் ராத்திரி பேச்சுத் துணைக்கு வராது என்றார். தேவி மாடிப்படியில் ஏறி இறங்குகிறவர்களைப் பார்த்துக்கொண்டு அசையாமல் உட்கார்ந்திருந்தாள். இந்த மௌனத்தை அவர் நன்றாக அறிவார். மனசு இளகுகிறது என்று எடுத்துக்கொண்டு, ரயிலுக்கு வந்தார்.

அப்போதுதான் தேவி தற்செயலாகத் திரும்பி, பக்கத்தில் அவர் உட்கார்ந்திருப்பதையும் உதடு அசைவதையும் பார்த்தாள். சட்டென்று எழுந்துகொண்டாள்.

“ஏனுங்க சார், ஏதாவது சொன்னீங்களா? அந்தப் பக்கம் எனக்குக் கேக்காதுங்க. இந்தப் பக்கம் வந்து சொல்லுங்க.”

அவள் மரியாதையாகத்தான் சொன்னாள், குத்திக்காட்டத் தெரிந்த பெண் இல்லை. கீர்த்திவாசன் எழுந்து பெஞ்சைச் சுற்றிக்கொண்டு அவளுடைய வலது பக்கம் வந்து நின்றார். அவள் தலையைச் சற்றுச் சாய்த்துக்கொண்டு காத்திருந்தாள். சொன்னதையெல்லாம் முதலிலிருந்து சொல்ல வேண்டும். சாட்சிகளும் சான்றுகளும் கஞ்சி வைத்துக் கொடுத்தவனும் எல்லாம் அவர் நாக்கில்தான் இருந்தார்கள். கேட்கிற காதுக்கு முன்னால் நின்றபோது ஒரு வாக்கியமும் வெளியே வரவில்லை.

“சாப்டீங்களாம்மா?” என்று கேட்டார்.

“சாப்டனுங்க” என்றாள் தேவி.

பன்னிரண்டு மணி வாக்கில் வழக்கைக் கூப்பிட்டார்கள். நீதிபதி சின்ன வயசுப் பெண்மணி. கீர்த்திவாசனுக்கு ஒரு மகள் இருந்திருந்தால் அந்த வயசு இருக்கும். கறுப்புக் கோட்டு இல்லாமல் சாட்சியாக வந்து நின்ற மூத்த வக்கீலைப் பார்த்ததும் நீதிபதிக்குச் சங்கடமாகிவிட்டது. நாற்காலி போடச் சொன்னார். கீர்த்திவாசன் வேண்டாம் என்றார். சத்தியப் பிரமாணம் ஆனது. எதிரே மகேஷ் கையைக் கட்டிக்கொண்டு, நம்பிக்கையோடு அவரைப் பார்த்தான். டிக்கெட் வாங்கிக் கொடுத்தவர் அல்லவா. தேவி பின் வரிசையில் இருந்தாள். உமாராணி இதழை எடுத்து நீட்டி, இதை வெளியிட்டது நீங்கள்தானா என்று கேட்டார். ஆமாம் என்றார். இதில் மனுதாரர் சொல்வதாக உள்ள வாக்கியங்களை எழுதியது யார் என்று கேட்டார்.

“நான்தான்” என்றார் கீர்த்திவாசன்.

கோர்ட்டில் சாட்சி சொல்வதை அப்படியே டைப் அடிப்பதில்லை. கேள்வியையும் பதிலையும் சேர்த்து, சாட்சியே பேசுவதுபோல ‘நான்’ போட்டு ஒரு வாக்கியமாக்கி, நீதிபதி டைப்பிஸ்டுக்குச் சொல்வார்; அதுதான் சாட்சியம் ஆகும். கீர்த்திவாசன் ஆயுசு முழுக்க இதைக் கேட்டவர். நீதிபதி ஒரு கணம் அவரைப் பார்த்தார். முகத்தில் மரியாதையும் இரக்கமும் இருந்தன. பிறகு டைப்பிஸ்ட் பக்கம் திரும்பி, நிதானமாகச் சொன்னார்: “மனுதாரர் என்னிடம் கூறியவற்றின் சாரத்தை நான் என் நடையில் எழுதி வெளியிட்டேன்.”

நல்ல வாக்கியம். அவரே எழுதியிருந்தாலும் அப்படித்தான் எழுதியிருப்பார். யார் மனசும் புண்படாது. பத்திரிகை நடத்துகிற எவரும் செய்கிற வேலைதான் என்று ஆகிவிடும். புத்தகம் நிற்கும், அட்டையில் இருப்பது நிற்கும், விழா நடக்கும், அவரும் சத்தியத்தை மீறியதாகாது, ஏனென்றால் சொன்னது அவரில்லை. தேவி மட்டும் அந்த வீட்டுக்குத் திரும்பிப் போவாள். டைப்பிஸ்டின் விரல்கள் ஓட ஆரம்பித்தன. உமாராணி ஆட்சேபிக்க எழுந்து, எழுந்தவர் அப்படியே நின்று, முதல் தடவையாகக் கீர்த்திவாசனின் முகத்தைப் பார்த்தார். நீதிபதிப் பெண் அவருடைய இடத்தில் நின்று ‘நான்’ என்று சொன்னது கீர்த்திவாசனின் காதில் இன்னும் இருந்தது. தன்மேல் பிரியம் வைத்துத்தான் அந்தப் பெண் அப்படிச் சொன்னது என்பதும் தெரிந்தது. டைப்பிஸ்டை நிறுத்தச் சொல்லிக் கையைத் தூக்கினார்.

“அம்மா, நான் அப்படிச் சொல்லலீங்க.”

நீதிபதி திரும்பினார். கருத்து அதுதானே சார் என்று மெதுவாகக் கேட்டார்.

“இல்லீங்க. சாரமும் இல்லை, ஒண்ணும் இல்லை. இந்தம்மா காதுல பஞ்சோட வந்தாங்க, புருஷன் அடிச்சாருன்னு சொன்னாங்க. நான் கேட்டேன், அவரும் இல்லைன்னு சொல்லலை. அவர் கை வெச்சதே இல்லைங்கறது என் வாக்கியம். அதை அடிச்சுட்டு இதை எழுதிக்கங்க.”

மகேஷ் கட்டிய கையை அவிழ்த்தான். அவனுடைய வக்கீல் விருட்டென்று எழுந்து, அப்படியானால் இத்தனை வருஷமாக நீங்கள் அச்சிட்ட அத்தனை பெண்களின் கதைகளும் என்று தொடங்கினார். இந்த வழக்குக்குத் தேவையில்லாத கேள்வி, சாட்சி பதில் சொல்ல வேண்டியதில்லை என்று நீதிபதி தடுத்தார். கிழவர் தப்பிக்க இன்னொரு கதவையும் திறந்து வைத்தார். கீர்த்திவாசன் கூண்டின் கட்டையைப் பிடித்துக்கொண்டார். அவமானமாக இருந்தது. காலையில் தன்னோடு பஸ்ஸில் வந்த மரியஅந்தோணி கதவோரம் நின்று தரையைப் பார்த்துக்கொண்டிருப்பது தெரிந்தது.

“பரவால்லீங்கம்மா, பதிவு பண்ணிக்கங்க. எல்லாம் நான் எழுதினதுதான். யாருக்கும் படிச்சுக் காட்டினதில்லை.”

அதற்கு மேல் யாரும் எதுவும் கேட்கவில்லை. பிரின்டர் இரண்டு தாள்களைத் தள்ளியது. சாட்சியத்தைச் சாட்சிக்குப் படித்துக் காட்டிக் கையெழுத்து வாங்க வேண்டும் என்பது விதி. மத்தியானச் சாப்பாட்டு நேரம் நெருங்கிக்கொண்டிருந்ததால் பெஞ்சு கிளார்க் தாளை வாங்கி, வாய்க்குள்ளேயே கடகடவென்று படித்து, பாதியிலேயே பேனாவை நீட்டினார். வழக்கமாக எல்லோரும் அங்கே கையெழுத்துப் போட்டுவிடுவார்கள்.

கீர்த்திவாசன் பேனாவை வாங்கவில்லை.

“கொஞ்சம் சத்தமாப் படிங்க” என்றார்.

பெரியவருக்குக் காது மந்தம்போல என்று நினைத்த கிளார்க், தாளை நிமிர்த்திப் பிடித்துக்கொண்டு தொண்டையைச் செருமினார். பின் வரிசையில் தேவி எழுந்தாள். யாருடைய முழங்காலிலோ இடித்துக்கொண்டு வரிசையின் அந்த ஓரத்திலிருந்து இந்த ஓரத்துக்கு வந்து, வலது காது முன்னால் இருக்கும்படி சுவரோரமாக நின்றுகொண்டாள். கிளார்க் மறுபடியும் முதல் வரியிலிருந்து, அறை முழுவதும் கேட்கும்படி ஆரம்பித்தார்: “என் பெயர் கீர்த்திவாசன்…”